அப்பாவுக்கு ஏத்தாத மெழுகுவத்தி

அம்மா இருந்தவரைக்கும் இதை எழுத மனசு வரலை. இன்னிக்குக் கல்லறைத் திருநாள். அம்மா கல்லறையில் மெழுகு உருகுற வாசனை வந்ததும் எழுதுறேன்.

எண்ணூர் ஆத்தோரம் இருந்த அலையாத்திக் காட்டுக்குள்ள போன சிலர் திரும்பினதே இல்லை. நான் சின்னப் பொண்ணா இருந்தப்ப நண்டு பிடிக்கப் போன அப்பாவும் திரும்பலை. படகு மட்டும் வேர்ல சிக்கிக் கிடந்தது.

வருஷா வருஷம் இந்த நாள்ல பக்கத்து வீட்டு ஸ்டெல்லா அத்தை, "அவருக்கும் ஒரு வத்தி ஏத்தேன்டி" என்னும். அம்மா சீறும்: "வூட்டுக்கு வர லேட்டானா சாவடிச்சுடுவியா?" ராத்திரி அவர் பங்குக் குழம்பை மூடி வைக்கும்.

இன்னிக்கு ரெண்டு வத்தி வாங்கினேன். ஒண்ணு அம்மாவுக்கு ஏத்தினேன். இன்னொண்ணு பையிலயே இருக்கு, ஆண்டவர் மன்னிக்கட்டும்.

யார்கிட்ட சொன்னாலும் மாத்தாம சொல்லுங்க. அப்பா செத்துட்டாருன்னு சொல்லாதீங்க. இன்னும் வரலைன்னு சொல்லுங்க.