பூனைக்கு ஒரு பங்கு

ஸ்ரீவில்லிபுத்தூரில் பிரெஞ்சுக்காரப் பாதிரியார் ஒருவருக்கு நான் சமைத்துப் போட்ட காலம். பாலாடைக்கட்டிக்காக வன்னியம்பட்டி வெள்ளாட்டுப்பாலைத் திரியவைத்து, துணியில் கட்டி, உப்பிட்டுப் பல நாள் வைத்திருந்தார். வாடை அடிக்கவே, கெட்டுவிட்டதென்று குப்பையில் கொட்டிவிட்டேன். அவர் தேடியபோது பயந்துபோய், "பூன தின்னுட்டு, சாமி" என்றேன்.

கோபப்படாமல் மறுபடி செய்தார். புதினா, கொத்தமல்லி, இளங்கீரையைப் பச்சையாகவே தட்டில் பரப்பி, பாலாடைக்கட்டியைத் தோசைக்கல்லில் வாட்டி மேலே வைத்தார். "பூனைக்கும் பிடிச்சிருக்கே, அதுக்கும் ஒரு பங்கு" என்று சிரித்தபடி, வாட்டாத துண்டொன்றைக் கீழே போட்டார். பூனை முகர்ந்து பார்த்துவிட்டு, திரும்பிப் போய்விட்டது.

அவர் சிரிப்பு நின்றது. என்னை நிமிர்ந்து பார்த்தார். தட்டில் பாதியை எனக்கு எடுத்து வைத்து, "நீயும் சாப்பிடு" என்றார்.

இளஞ்சூடும் புளிப்புமாக, ருசியாகத்தான் இருந்தது. வைதிருந்தால் அன்றைக்கே மறந்திருப்பேன்.