பொன்னாடை போர்த்திய அன்று எடுத்த படம்

எங்கள் அம்மாவின் முதலாம் ஆண்டு நினைவில் பங்கேற்கும் உறவினர், நண்பர் அனைவருக்கும் வணக்கம். இந்த நினைவு மலரின் அட்டையில் அம்மா பொன்னாடையோடு சிரிக்கும் படத்தைப் பார்த்திருப்பீர்கள். "அக்கா எவ்ளோ அழகா சிரிச்சிக்கினு இருக்குது, யாரு எடுத்தது?" என்று மாமா கேட்டார். இத்தனை ஆண்டுகளாக எனக்கும் அதுதான் கேள்வி.

அம்மா முத்தாண்டிக்குப்பத்தில், முந்திரித் தோப்புக் கூலிக் குடும்பத்தில் பிறந்தவர். அந்தத் தெருவிலிருந்து முதலில் கல்லூரிக்குப் போன பெண். சுரங்கத்தில் ஷிப்ட் பார்த்த அப்பாவை மணந்து நெய்வேலி குவார்ட்டர்ஸுக்கு வந்தார். இங்கிருந்தே பேருந்தில் போய்வந்து, அரசுக் கல்லூரி ஒன்றில் வேதியியல் துறைத் தலைவர் பொறுப்பு வரை உயர்ந்தார்.

நான் பிளஸ் டூ படித்தபோது அப்பாவைப் பக்கவாதம் தாக்கியது. காலையும் மாலையும் அவரைத் தூக்கி உட்காரவைத்து ஊட்டியது அம்மாதான். அந்த நேரம் பார்த்துத் தென்கோடி மாவட்டத்துக்கு மாறுதல் ஆணை வந்தது. காரணம் 'நிர்வாக நலன்' என்று மட்டும் இருந்தது. அம்மா உயர் நீதிமன்றம் போனார். கல்லூரியிலிருந்து விடுவிக்கப்படுவதற்குள் மாறுதலுக்குத் தடை கிடைக்க வேண்டும், பிறகு கிடைப்பது கடினம் என்றார் வக்கீல். அதனால் அம்மா விடுவிப்பு ஆணையை வாங்கவே இல்லை.

அந்த வாரம்தான் துறையில் அவசரமாகப் பிரிவு உபசாரம் வைத்தார்கள். ஏற்பாடு செய்தவர் அம்மாவுக்கு அடுத்த நிலையில் இருந்த ஆசிரியை; நான் அத்தை என்று அழைப்பவர். அம்மா தயங்கியபோது, "சும்மா வாங்க மேடம். தடை வந்துட்டா பொன்னாடையத் திருப்பிக் குடுத்துடுங்க, அடுத்த ஆளுக்கு ஆவும்" என்று சிரிக்கவைத்து அழைத்துப் போனார். மரியாதை செய்பவர்களை மறுக்க அம்மாவுக்குத் தெரியாது. யாரோ செல்போனில் படம் எடுத்தார்கள்.

அடுத்த விசாரணையில் அந்தப் படம் அரசுத் தரப்பின் பதில் மனுவோடு இணைக்கப்பட்டிருந்தது. விடைபெற்றுப் போய்விட்டார் என்பதற்கு அதையே காட்டினார்கள். அம்மாவின் மனு தள்ளுபடி ஆனது. துறைத் தலைவர் பொறுப்பு அத்தைக்கு வந்தது.

அம்மா தெற்கே அறை எடுத்துத் தங்கினார். விடுமுறைக்கு வந்து அப்பாவுக்கு முகம் மழித்துவிட்டு மறுபடி பேருந்து ஏறுவார். அம்மா இல்லாத நாட்களில் அத்தை அப்பாவுக்கு சூப் வைத்துக் கொண்டுவருவார். அதையும் நான் சந்தேகத்தோடுதான் வாங்கினேன்.

ஒருநாள் அம்மாவிடம் கேட்டேன்: "படத்த அவங்கதானம்மா குடுத்திருப்பாங்க?"

"யாரு கண்டா. ஒரு போன்ல எடுத்தா பத்து போனுக்குப் போவுது. வூட்டுக்கு வர்றவங்கள வேவு பாத்துக்கினு இருக்காத. சாப்ட்டாங்களான்னு கேளு."

பிற்பாடு இடமாறுதல் கலந்தாய்வில் அம்மா பழைய கல்லூரிக்கே திரும்பினார். அதன்பின் புற்றுநோய் வந்தது. கடைசி வாரங்களில் அத்தை மருத்துவமனைக்கு வந்து அம்மாவுக்குத் தலை வாரிவிடுவார். அத்தை ஏதாவது சொல்லிவிடுவாரோ, அம்மா ஏதாவது கேட்டுவிடுவாரோ என்று என் கைக்குழந்தையோடு அறையை விட்டு நகராமல் இருந்தேன். அம்மா கேட்டது, "லேப்ல அந்தத் தராசு இன்னும் ஆடுதா?" அத்தை சொன்னது, "நீங்க போனதுலேர்ந்து எங்கள மாதிரியே அதுவும் நேரா நிக்கல மேடம்." இருவரும் சிரித்தார்கள். எனக்கு ஒன்றும் புரிபடவில்லை.

இந்த மலருக்காகப் படம் தேடியபோது எங்களிடம் இருந்தது வழக்குக் கட்டிலிருந்த மங்கலான நகல்தான். தயங்கித் தயங்கி அத்தைக்குச் செய்தி அனுப்பினேன். உடனே தெளிவான படம் வந்தது. எத்தனை போன் மாற்றியிருப்பார். இதை மட்டும் விடாமல் வைத்திருந்திருக்கிறார். அன்பினாலா, வேறெதனாலா என்று இன்றும் எனக்குத் தெரியாது. நான் நினைத்தது தவறாகவும் இருக்கலாம்.

அம்மாவைக் கவனித்த மருத்துவர்கள், செவிலியர்கள், இறுதிநாளில் தோள்கொடுத்த குவார்ட்டர்ஸ் அண்டைவீட்டார், அம்மாவின் மாணவர்கள் எல்லோருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. நன்றி சொல்லும் இந்த இடத்தில் ஒருவர் பேரை எழுதுவதும் அடிப்பதுமாக இருந்தேன். அப்பாதான், "எழுதும்மா" என்றார்.

அட்டைப் படம் தந்த அத்தைக்கும் நன்றி. நினைவு நாளன்று வாருங்கள் அத்தை. நான் வேறொன்றும் கேட்கமாட்டேன், சாப்பிட்டீர்களா என்றுதான் கேட்பேன்.