தூக்குவதற்கு ஐந்து பேர்

கியோத்தோவில் எந்தக் கோயிலுக்குப் பின்பக்கமாகச் சரிவுப் பாதை இருக்கிறது, ஒசாகாவில் எந்த ரயில் நிலையத்தின் லிஃப்ட் தெருவுக்கு எதிர்ப்பக்கம் இருக்கிறது என்றெல்லாம் என்னைக் கேட்டால் தூக்கத்தில்கூடச் சொல்லிவிடுவேன். விழுப்புரத்தில் எங்கள் தெருமுனையில் புதிதாக என்ன கடை வந்திருக்கிறது என்று கேட்டால் தங்கையைக் கேட்டுத்தான் சொல்ல வேண்டும்.

சக்கர நாற்காலியில் இருப்பவர்களையும் கோல் ஊன்றி நடப்பவர்களையும் ஜப்பானிய நகரங்களில் தனித்தனியாக அழைத்துப் போய்ச் சுற்றிக்காட்டும் ஒரு சிறிய நிறுவனத்தில் எனக்கு வேலை. வழிகாட்டிகள் அங்கே இருக்கிறார்கள். வாடிக்கையாளர்கள் பெரும்பாலும் ஆஸ்திரேலியாக்காரர்கள். அவர்கள் கேட்கும் கேள்விகளுக்குப் பதில் எழுதுகிற நான் விழுப்புரத்தில், கட்டிலில் முதுகுக்குத் தலையணை கொடுத்து, மடியில் கணினியை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். நானும் அவர்களைப் போன்றவன்தான் என்று யாருக்கும் சொன்னதில்லை. சொன்னால் பரிதாபப்படுவார்கள். பரிதாபப்பட்டுவிட்டால் கழிப்பறைக் கதவு எத்தனை அகலம் என்று அதட்டிக் கேட்க மாட்டார்கள். எனக்கு அந்த அதட்டல் பிடிக்கும்.

எனக்கு நெஞ்சுக்குக் கீழே எந்த உணர்வும் கிடையாது. சில வருஷங்களுக்கு முன் திண்டிவனம் பைபாஸில் ஒரு லாரி என் பைக்கை இடித்தது. முதுகெலும்பு போயிற்று, கைகள் தப்பின, வாய் தப்பியது. வாய் தப்பியதில் வீட்டில் யாருக்கும் சந்தோஷமில்லை என்று தங்கை சொல்வாள். அப்பா அதற்கு முன்பே இறந்துவிட்டார். அம்மா, தங்கை, நான், அவ்வளவுதான் குடும்பம்.

தினமும் காலையில் வெந்நீரும் துணியும் கொண்டுவந்து என் கால்களைத் துடைத்து, எங்கேயாவது சிவந்திருக்கிறதா, தோல் உரிந்திருக்கிறதா என்று பார்ப்பது தங்கைதான். எனக்கு வலிக்காது. அதனால் எனக்காக இன்னொருவர் பார்க்க வேண்டும். சாயங்காலம் வேலையிலிருந்து வந்ததும் கதை பேசுவதற்குக் கட்டிலின் கால்மாட்டில் உட்காருவாள். "நவுருண்ணா" என்பாள். நான் எப்படி நகர்வேன்? அவளே என் இரண்டு கால்களையும் ஓரமாகத் தள்ளிவிட்டு, "எருமைக்கடா மாரி படுத்துக்கினு, சொன்னா நவுர்றியா பாரு" என்று திட்டிக்கொண்டே உட்காருவாள். தினமும் இதே வசனம்தான். தினமும் சிரிப்போம்.

எங்கள் நிறுவனத்தில் வழிகாட்டிகளுக்கு முதல் விதி, வாடிக்கையாளரைத் தூக்கக் கூடாது. படி இருந்தால் சரிவுப் பலகை போட வேண்டும். பலகை போட முடியாத படி என்றால் அந்த இடமே பயணத்தில் கிடையாது. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு வீடியோ காட்டினார்கள். ரயில் வந்து நிற்கிறது. தொப்பி போட்ட ஊழியர் ஒருவர் மடித்த பலகையைக் கொண்டுவந்து பிளாட்பாரத்துக்கும் பெட்டிக்கும் நடுவே விரிக்கிறார். நாற்காலியில் இருக்கும் பெண் தானே சக்கரத்தை உருட்டிக்கொண்டு உள்ளே போகிறாள். அவள் இறங்கும் நிலையத்தில் வேறொருவர் பலகையோடு காத்திருக்கிறார். அந்த வீடியோவை எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை. ஆரம்பத்திலிருந்து கடைசிவரை அந்தப் பெண்மேல் ஒருவர் கையும் படவில்லை. எனக்குப் பொறாமையாக இருந்தது.

எங்கள் பக்கம் பிரியம் இருந்தால் தூக்குவார்கள். கோயிலோ கல்யாணமோ ஆஸ்பத்திரியோ, எப்படிப் போவது என்று கேட்டால் எல்லோரும் ஒரே பதில்தான் சொல்வார்கள். "தூக்கிக்கினு போய்டலாம்பா, இன்னா இப்ப?" அக்குளில் ஒருவர் கை, தொடைக்கடியில் ஒருவர் கை. சட்டை மேலே ஏறி வயிறு தெரியும். சிறுநீர் சேர மாட்டியிருக்கும் பை ஒரு பக்கம் ஆடும். தூக்கப்படுகிறவன் இத்தனைக்கும் நடுவில் நன்றியோடு சிரிக்க வேண்டும். எனக்கு அந்தச் சிரிப்பு வராது. அதனால் எங்கேயும் போவதை விட்டுவிட்டேன்.

இந்த நிலையில்தான் தங்கைக்குக் கல்யாணம் நிச்சயமானது. மாப்பிள்ளை வீட்டார் திண்டிவனத்துக்காரர்கள். நல்ல மனிதர்கள். இதை இங்கேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் நடந்ததைப் படித்துவிட்டு யாரும் அவர்களைத் திட்ட வேண்டாம். அப்பா இல்லாத வீட்டில் மாப்பிள்ளைக்கு மாலை போட்டு, கையைப் பிடித்து மணவறைக்கு அழைத்துவர வேண்டியவன் மச்சான், அதாவது நான். பெரியப்பா மகன் செய்யட்டுமே என்று உறவில் யாரோ இழுத்தார்கள். "எங்கண்ணன் வராத மண்டபத்துல நான் உக்கார மாட்டேன்" என்று தங்கை ஒரே பேச்சில் முடித்துவிட்டாள். எனக்கும் ஆசை இருந்தது. என் சக்கரத்தை நானே உருட்டிக்கொண்டு போய், என் கையால் மாப்பிள்ளைக்கு மாலை போட வேண்டும். வேறு எதையும் நான் கேட்கவில்லை.

மயிலம் மலைக்கோயிலில் சாமிக்கு முதல் பத்திரிகை வைக்கப் போனபோது, வீட்டார் மேலே போய்த் திரும்பும்வரை நான் அடிவாரத்தில் காரில் உட்கார்ந்திருந்தேன். டிரைவர் திண்டிவனத்துக்காரர், அங்கேதான் மண்டபத்தைப் பற்றி அவரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன். மாப்பிள்ளை வீட்டார் பிடித்திருந்த மண்டபத்தில் கீழே பந்தி, மாடியில் கல்யாணம்.

மாப்பிள்ளையிடம் படிக்கட்டைப் போட்டோ எடுத்து அனுப்பச் சொன்னேன். பொறுமையாக எடுத்து அனுப்பினார். ஒரு வாடிக்கையாளருக்குப் பார்ப்பது போலவே பார்த்தேன். குறுகலான படிக்கட்டு, நடுவில் ஒரு திருப்பம், ஓரத்தில் இரும்புக் கம்பிகள். லிஃப்ட் இல்லை. பலகை போட்டால் அது தெருவில் போய்த்தான் முடியும். வாடிக்கையாளராக இருந்தால், மன்னிக்கவும், இந்த இடத்தை உங்கள் பயணத்தில் சேர்க்க இயலாது என்று எழுதிவிட்டு டீ குடிக்கப் போயிருப்பேன்.

மாப்பிள்ளையின் பெரியப்பா வீட்டுக்கு வந்திருந்தபோது, தாலி கட்டுவதைக் கீழேயே வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டேன். அம்மா கொடுத்த வேகவைத்த மல்லாட்டைக் கடலையை அவர் உரித்துக்கொண்டிருந்தார். உரித்ததை வாயில் போடாமல் கையிலேயே வைத்துக்கொண்டார்.

"எச்சி எல விழற எடத்துல தாலி கட்றதா தம்பி?" என்றார். அதட்டவில்லை. நிஜமாகவே வருத்தப்பட்டுக் கேட்டார். "இந்த முகூர்த்தத்துக்கு வேற மண்டபமும் கெடைக்காது. நீங்க ஏன் பேஜாரு பண்ணிக்கிறீங்க? நாலு பேரு புடிச்சா பூ மாரி தூக்கிக்கினு போய்டலாம்."

சமையலறையிலிருந்து அம்மா வந்தாள். "நாலு பேருன்னு சொல்லாதீங்க" என்றாள். "அஞ்சு பேரு தூக்கட்டும்."

அவர் உடனே நாக்கைக் கடித்துக்கொண்டு, "ஆமாமா, அஞ்சு பேரு" என்றார். நாலு பேர் தூக்குவது பாடையை. அவருக்குப் புரிந்தது, எனக்கும் புரிந்தது. ஆனால் எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அவர் போன பிறகு அம்மாவிடம் கத்தினேன்.

"சேருக்கு மூல நாலுதாம்மா. அஞ்சாவது ஆளு எதப் புடிப்பான்?"

"சும்மா ஒரு கை வெக்கட்டும்" என்றாள் அம்மா. பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "ஒங்கப்பாவ நாலு பேரு தூக்கிக்கினு போனாங்க. ஒன்னிய ரோட்லேர்ந்து நாலு பேரு தூக்கினாங்க. நல்ல நாளும் அதுவுமா இன்னொரு வாட்டி அத என்னால பாக்க முடியாதுப்பா."

அம்மா என்னிடம் எதையும் கேட்கிறவள் இல்லை. சித்தப்பா, பெரியப்பா பையன்கள் நாலு பேரை வரவழைத்து, நாற்காலியில் எங்கே பிடிக்க வேண்டும், எங்கே பிடிக்கக் கூடாது என்று காட்டிக்கொடுத்தேன். கால் வைக்கும் பலகையைத் தொடவே கூடாது, அது கழற்றி மாட்டுவதற்காகச் செய்தது என்று இரண்டு தடவை சொன்னேன். பையன்கள் தலையாட்டினார்கள். ஐந்தாவது ஆள் யார் என்று அன்றைக்கு முடிவாகவில்லை.

கல்யாணத்தன்று மண்டபத்தின் படிக்கட்டுக்குக் கீழேதான் முடிவானது. என் தாய்மாமன், அம்மாவின் தம்பி. தாய்மாமன் கை படாமல் எப்படி என்று அவரே துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு வந்தார். முழங்கால் தேய்ந்து, மாடிப்படி ஏற அவருக்கே ஒருவர் துணை வேண்டும். நாலு பேரும் நாலு மூலையைப் பிடித்தார்கள். மாமாவுக்குப் பிடிக்க இடமில்லை. முன்னால் வந்து நின்று, சும்மா ஒரு கை வைக்கச் சொன்ன இடத்தில் இரண்டு கையாலும் கால் பலகையை இறுக்கிப் பிடித்தார்.

"மாமா, அத வுடுங்க" என்று சொன்னேன். மேளக்காரர்கள் படிக்கட்டுக்கு நேர் மேலே நின்று வாசித்துக்கொண்டிருந்தார்கள். மாமா என்னைப் பார்த்து, நான் பயப்படுகிறேன் என்று நினைத்துச் சிரித்தார். இன்னும் பலமாகப் பிடித்தார்.

திருப்பத்தில் பலகை கழன்றது. மாமா அதைக் கையில் வைத்தபடி சுவரில் சாய்ந்தார். பாரம் திடீரென்று மாறியதில் முன்னால் பிடித்திருந்தவன் தடுமாறினான். என் இடது கால் நழுவிக் கம்பிகளுக்கு நடுவே போயிற்று, நாற்காலி அதன்மேல் சாய்ந்தது. ஏதோ முறிகிற சத்தம் கேட்டது. நாற்காலிதான் என்று நினைத்தேன். பையன்கள் கெட்டிக்காரர்கள், உருள விடவில்லை. காலை இழுத்து உள்ளே வைத்து, பலகையைத் திரும்ப மாட்டி, வேட்டியைச் சரிசெய்து, மேலே கொண்டுபோய்விட்டார்கள்.

"ஒன்னும் ஆவல, ஒன்னும் ஆவல" என்றார்கள் எல்லோரும். அம்மா என் நெற்றியைத் தொட்டு, "அஞ்சு பேரு இருந்ததால தப்பிச்சப்பா" என்றாள்.

மாடியில் தரை வழவழவென்று இருந்தது. மாப்பிள்ளை எனக்காகக் குனிந்தார், மாலையைப் போட்டேன். அவர் என் வலது கையைப் பிடித்தபடி பக்கத்தில் நடக்க, நான் இடது கையால் சக்கரத்தை உருட்டினேன். மணமேடைக்குப் பக்கத்தில் வந்ததும் நின்றுவிட்டேன். அங்கே ஒரு சரிவுப் பலகை போட்டிருந்தார்கள். மாப்பிள்ளை யாரிடமும் சொல்லாமல் தச்சரை வைத்துச் செய்திருந்தாராம். அவர் கையை விட்டுவிட்டு இரண்டு கையாலும் சக்கரத்தை அழுத்தி, யாரும் தொடாமல், மேடை ஏறினேன். அந்த ரயில் நிலையத்துப் பெண்ணை நினைத்துக்கொண்டேன். அவ்வளவு சந்தோஷம் எனக்கு விபத்துக்குப் பிறகு வந்ததில்லை.

ஐயர் மந்திரம் சொல்லிக்கொண்டிருக்கும்போதே எனக்கு வேர்க்கத் தொடங்கியது. தலை இடித்தது. எனக்கு வலி வராது என்று சொன்னேன் அல்லவா, உடம்பில் கீழே பெரிதாக ஏதாவது நடந்தால் இப்படித்தான் தகவல் வரும். ரத்த அழுத்தம் எகிறும், அப்படியே விட்டால் ஆளையே முடித்துவிடும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். படிக்கட்டில் கேட்ட சத்தம் என்ன என்று அப்போது புரிந்தது. வாயைத் திறந்தால் தாலி நிற்கும். தங்கை மாலைக்குள்ளிருந்து என்னைப் பார்த்தாள். நான் சிரித்தேன். கெட்டிமேளம் கொட்டியது, அட்சதை விழுந்தது, தாலி ஏறியது. அதுவரை எடுத்த போட்டோ எல்லாவற்றிலும் நான் பல் தெரியச் சிரித்துக்கொண்டிருக்கிறேன்.

பிறகு இருவரும் ஆசீர்வாதம் வாங்க என் காலில் விழுந்தார்கள். மாப்பிள்ளை எழுந்தார். தங்கை எழவில்லை. அவள் தினமும் பார்க்கிற கால். இடது பாதத்தின் விரல்கள் பக்கவாட்டில் சுவரைப் பார்த்துக் கிடந்தன. அவள் கை பாதத்திலிருந்து மெல்ல மேலே போய், முழங்காலுக்கு மேல் வீங்கியிருந்த இடத்தில் நின்றது.

"அண்ணா, காலு திரும்பிக்கினு இருக்குது" என்றாள் மெதுவாக.

"ஒன்னுமில்ல. எழுந்திரு, போட்டோ எடுக்கறாங்க."

அவள் பட்டுப்புடவையோடு தரையிலேயே உட்கார்ந்து அழுதாள். கல்யாணப் பெண் அழுகிறாள் என்று பக்கத்தில் இருந்தவர்களுக்கும் கண் கலங்கியது. கொஞ்ச நேரம் கழித்துத்தான் அவர்களுக்கு விஷயம் தெரிந்தது.

ஆம்புலன்ஸில் வந்தவர்கள் இரண்டு பேர். படிக்கட்டில் அவர்களால் முடியவில்லை, எங்கள் பையன்கள் இருவர் கைகொடுத்தார்கள். என்னைப் படுக்க வைத்து, கழுத்தில் இருந்த மாலையை எடுக்க மறந்து, நாலு பேரும் தூக்கினார்கள். அம்மா சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள். கீழே பந்தியில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் சோற்றுக் கையோடு எழுந்து நின்றார்கள். இலைகளுக்கு நடுவேதான் என்னைக் கொண்டுபோனார்கள்.

தொடை எலும்பு இரண்டாக முறிந்திருந்தது. மாவுக்கட்டுப் போட்டார்கள். கட்டுக்குள் புண் வந்தது எனக்குத் தெரியவில்லை, நாற்றம் வந்தபோதுதான் தெரிந்தது. அதற்குள் எலும்புவரை போய்விட்டது. முழங்காலுக்கு மேலேயே காலை வெட்டி எடுத்துவிட்டார்கள். தங்கை அப்போது விருந்து, மறுவீடு என்று அலைந்துகொண்டிருந்தாள். அவள் பக்கத்தில் இருந்திருந்தாலும் கட்டுக்குள் பார்த்திருக்க முடியாது. இதைப் பலமுறை சொல்லிவிட்டேன், அவள் கேட்பதில்லை. மாமா இன்றுவரை எங்கள் வீட்டுக்கு வரவில்லை. தூக்குவது பற்றி அம்மா எதுவும் பேசுவதில்லை.

நான் வேலைக்குத் திரும்பிவிட்டேன். போன வாரம் ஒரு பெண்மணி எழுதியிருந்தார். ஒரு கோயில் வாசலில் இரண்டே படிதானாம், வழிகாட்டி தன் கணவரைத் தூக்கிவிட்டால் என்ன என்று கேட்டிருந்தார். மன்னிக்கவும், நாங்கள் யாரையும் தூக்குவதில்லை என்று எழுதினேன். அன்பில்லாத நிறுவனம் என்று திட்டிப் பதில் போட்டார்.

அன்று சாயங்காலம் தங்கை வந்திருந்தாள். ஆபரேஷனுக்குப் பிறகு வரும்போதெல்லாம் அவள் என் அறை வாசற்படியைத் தாண்டி வருவதில்லை, அங்கே நின்றுகொண்டே பேசிவிட்டுப் போய்விடுவாள். அன்றும் நின்றாள். கட்டிலின் கால்மாட்டைப் பார்த்தாள், பார்வையை எடுத்துக்கொண்டாள்.

"வந்து உக்காரு" என்றேன். "நவுந்துட்டேன்."

அவள் சிரிக்கவில்லை. வந்து, இடது பக்கம் காலியாக இருந்த இடத்தில் உட்கார்ந்தாள்.