நாலாவது அறையில் மலாய்

எங்கள் வீட்டில் எந்த மொழியை எதற்கு எடுப்பது என்பதில் ஓர் ஒழுங்கு இருந்தது. சாப்பிடக் கூப்பிடுவதும் திட்டுவதும் சாமி கும்பிடுவதும் தமிழில். பள்ளிக்கூடம், வங்கி, பல் டாக்டர் எல்லாம் ஆங்கிலத்தில். கார் கிளம்பாவிட்டால் அப்பா பானெட்டைத் திறந்து வைத்துக்கொண்டு ஹொக்கியன் சீனத்தில் இரண்டு வார்த்தை சொல்வார். அதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டால் அம்மா அப்பாவை முறைப்பார். இரண்டு பேரும் சிங்கப்பூரில் பிறந்து வளர்ந்தவர்கள். அங்கே ரயில் நிலையப் பலகையிலேயே நாலு மொழி இருக்கும், லிஃப்டில் ஏறினால் அதற்கு மேலும் நாலு கேட்கும் என்று அப்பா பெருமையடிப்பார். எனக்கு இரண்டு வயதில் மெல்பர்னுக்கு வந்துவிட்டதால் அந்த லிஃப்ட் எதுவும் எனக்கு நினைவில்லை.

மலாய் மட்டும் ரகசியத்துக்கு. எனக்கு ஊசி போடப் போகிறார்கள் என்றாலும், பிறந்தநாள் சைக்கிளைக் கராஜில் ஒளித்து வைத்திருக்கிறார்கள் என்றாலும், மாமா வீட்டில் சண்டை என்றாலும் சட்டென்று மலாய்க்குத் தாவிவிடுவார்கள். நான் விடுவேனா? ஓரமாக உட்கார்ந்து காதைத் தீட்டிக்கொண்டு கேட்பேன். ஒன்பது வயது வரைக்கும் நான் பிடித்தது ஒரே ஒரு சொல், மாக்கான். சாப்பாடு. அதுவும் அவர்களே தமிழோடு கலந்து பேசியதால் கிடைத்தது.

அப்போது மெல்பர்னின் ஓரத்தில், வெரிபீயில் புது வீட்டுக்குக் குடிவந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. எதிரில் வீடு கட்டாத மனைகள். காற்றடித்தால் ஜன்னலெல்லாம் மண். எங்கள் வீட்டில் நாலு படுக்கையறை. ஒன்றில் அம்மா, அப்பா, தங்கை. இன்னொன்றில் நான். மூன்றாவதில் கம்ப்யூட்டரும் இஸ்திரிப் பலகையும். நாலாவதில் ஒரு சின்ன மர அலமாரியைத் தவிர ஒன்றுமே இல்லை. அலமாரி பூட்டியிருக்கும். திரை எப்போதும் இழுத்து மூடியிருக்கும். தெற்குப் பக்க அறை, வெயிலே எட்டாது. நாற்பது டிகிரி அடிக்கும் நாளிலும் அந்தக் கம்பளத்தில் கால் வைத்தால் குளிரும். என் அறையைவிடப் பெரியது, எனக்குக் கொடுங்கள் என்று கேட்டபோதெல்லாம் அம்மா, “அப்புறம் பாக்கலாம்மா,” என்றார்.

தங்கைக்கு இரண்டரை வயதாகியும் பேச்சு சரியாக வரவில்லை. அம்மா, பால், நோ. அவ்வளவுதான். பல மொழி புழங்கும் வீட்டில் குழந்தைகள் கொஞ்சம் தாமதமாகத்தான் பேசும் என்று நர்ஸ் சொல்லியிருந்தார்.

ஜனவரி விடுமுறை. மதியம் மூன்று மணி இருக்கும். வெயிலுக்குப் பயந்து வீடு முழுக்கத் திரையை இறக்கியிருந்தோம். தண்ணீர் குடிக்க வந்தவள், தங்கை நாலாவது அறை வாசலில் எனக்கு முதுகைக் காட்டி நிற்பதைப் பார்த்தேன். கையில் ஒரு பிஸ்கட். அதை உள்ளே இருட்டுக்குள் நீட்டிக்கொண்டிருந்தாள்.

“அபாங்,” என்றாள். அவள் வாயிலிருந்து அவ்வளவு திருத்தமாக ஒரு சொல் வந்து நான் கேட்டதே இல்லை. “அபாங், மாக்கான்.”

காத்திருந்தாள். பிறகு உள்ளே யாரோ முகத்தைக் கோணி வேடிக்கை காட்டியது போலக் கிளுகிளுவென்று சிரித்தாள். சிரிப்பு அடங்கியதும் குரலைத் தாழ்த்தி, “ஜாங்ஙான் தாக்குத்,” என்றாள்.

அவளை அள்ளித் தூக்கப் போனபோதுதான் சுவரோரமாகப் பார்த்தேன், ஏற்கெனவே மூன்று பிஸ்கட்டுகள் வரிசையாக இருந்தன. ஒன்றில் எறும்பு மொய்த்துக்கொண்டிருந்தது. தூக்கிக்கொண்டு ஓடினேன். அவள் அந்த வாசலைப் பார்த்துக் கையை நீட்டிக் கத்தினாள்.

அம்மா குசினியில் பயற்றங்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். (சமையலறையைக் குசினி என்பது பக்கத்து வீட்டு அன்ரியிடமிருந்து எங்களுக்கு ஒட்டிக்கொண்ட சொல்.) நான் மூச்சு வாங்கச் சொல்லி முடித்ததும் கத்தி நின்றது.

“சும்மா விளையாடுறாம்மா. நீ ஒண்ணும் பயப்படாத.” மறுபடி நறுக்கத் தொடங்கியபடி, “அப்பாகிட்ட சொல்ல வேணாம்,” என்றார்.

பிஸ்கட்டைவிட இதுதான் என்னை அதிகம் பயமுறுத்தியது. அம்மாவுக்கும் பயம் என்றால் இனி தங்கையை யார் காப்பாற்றுவது?

அப்பாவிடம் சொல்லக் கூடாது என்றுதானே சொன்னார்? பக்கத்து வீட்டு அன்ரியிடம் சொன்னேன். அன்ரி இலங்கை மன்னார்க்காரர், வாய் நிறையப் பேசுகிறவர். நான் சொன்னதைக் கேட்டதும் நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டார்.

“ஓம் பிள்ளை, சின்னஞ்சிறுசுகளின்ரை கண்ணுக்குத் தெரியிறது எங்களுக்குத் தெரியாது. நில்லு, கொஞ்சம் தீர்த்தம் எடுத்துக்கொண்டு வாறன். கோயில்லை மந்திரிச்சது.”

அன்ரி கோயில் என்றால் சர்ச். மாதா உருவத்தில் இருந்த ஒரு குட்டிப் பிளாஸ்டிக் போத்தலை என் கையில் வைத்து அழுத்தினார். மாதாவின் நீலக் கிரீடம்தான் மூடி. அதை என் தலையணைக்கு அடியில் ஒளித்து வைத்தேன்.

நாலைந்து நாள் கழித்து, அறைக்குள் இருந்த அது பேசியதை என் காதாலேயே கேட்டேன். அம்மா துணி காயப்போடப் போவதாகச் சொல்லிவிட்டுப் போயிருந்தார். நான் டிவியின் சத்தத்தைக் குறைத்தபோது நாலாவது அறையிலிருந்து ஒரு குரல் வந்தது. அம்மாவின் குரல்தான். ஆனால் அம்மா அப்படிப் பேசி நான் கேட்டதில்லை. என்னிடம் பேசும் குரல் இல்லை, தங்கையிடம் பேசும் குரலும் இல்லை. ஒரு பிடி மேலே ஏறி, குழைந்து, எதையோ கெஞ்சிக் கேட்பது போல மலாயில் போய்க்கொண்டே இருந்தது. நடுநடுவே நிறுத்தி, பதிலைக் கேட்டுக்கொள்வது போல ம்ம், ம்ம் என்றது. ஓடிப்போய் ஜன்னல் வழியாகக் கொல்லையைப் பார்த்தேன். கொடியில் படுக்கை விரிப்பு ஆடிக்கொண்டிருந்தது. அதற்குப் பின்னால் அம்மாவின் கால் தெரிந்தது என்று அன்றைக்கு யார் கேட்டிருந்தாலும் சத்தியம் செய்திருப்பேன். அம்மா அங்கே நிற்கிறார் என்றால், இங்கே அம்மாவின் குரலில் பேசி என் தங்கையை இழுத்து வைத்துக்கொண்டிருப்பது யார்?

தமிழில் அதட்டிப் பயனில்லை. அதற்குத் தெரிந்தது மலாய்தான். நீச்சல் வகுப்பில் என்னோடு படித்த ஒரு மலேசியப் பெண்ணின் வீட்டில் மலாய்தான் பேசுவார்கள். என் ஐஸ்கிரீமில் பாதியைக் கொடுத்து அவளிடம் கேட்டேன். ஜாங்ஙான் தாக்குத் என்றால் பயப்படாதே. அபாங் என்றால் அண்ணன்.

“உனக்குத்தான் அண்ணனே இல்லையே,” என்றாள் ஆங்கிலத்தில்.

“இல்லை,” என்றேன். பேய்க்குப் போய் என் தங்கை பயப்படாதே என்று சொல்வானேன்? அது எனக்குப் புரியவில்லை, அதற்கு மேல் யோசிக்கவும் தைரியம் இல்லை. போய்விடு, இனிமேல் வராதே என்பதை மலாயில் எப்படிச் சொல்வது என்று கேட்டு, ஈரத்தோடேயே கையில் எழுதி வாங்கிக்கொண்டேன். காரில் வீடு வரும்வரை உதட்டுக்குள் சொல்லிக்கொண்டே வந்தேன். அம்மாதான் காரை ஓட்டினார்.

அடுத்த வியாழக்கிழமை அதே மூன்று மணிக்குக் குரல் வந்தது. கதவு ஒருக்களித்துச் சாத்தியிருந்தது. உள்ளே தங்கை சிரித்தாள். மாதாவின் கிரீடத்தைத் திருகி எடுத்தேன். கதவை உதைத்துத் திறந்து, கண்ணை இறுக மூடிக்கொண்டு, போத்தலில் இருந்த அவ்வளவு தண்ணீரையும் வீசியடித்துக் கத்தினேன்.

“அபாங், பெர்கி! ஜாங்ஙான் டாத்தாங் லாகி!”

குரல் பட்டென்று நின்றது.

கண்ணைத் திறந்தேன். அம்மா தரையில் உட்கார்ந்திருந்தார். மடியில் தங்கை. பூட்டியே இருக்கும் அலமாரி திறந்திருந்தது. அம்மாவின் முழங்காலில் ஒரு சின்ன நீலச் சட்டை விரித்திருந்தது. என் தங்கைக்கும் பெரிது, எனக்கும் சின்னது. அதன் மேல் தீர்த்தம் புள்ளி புள்ளியாகத் தெறித்திருந்தது.

அம்மா என்னைப் பார்த்த பார்வை எனக்கு இன்றைக்கும் மறக்கவில்லை. ஓர் அடி வைத்திருந்தாலாவது தேவலை. அவர் அடிக்கவில்லை, திட்டவில்லை. ஈரத்தை உள்ளங்கையால் ஒற்றி எடுத்தார். சட்டையை நாலாக மடித்து உள்ளே வைத்தார். அலமாரியைப் பூட்டினார்.

“எங்கேம்மா கத்துக்கிட்ட?”

“ஸ்விம்மிங்ல.”

“ம்ம். நல்லாத்தான் சொன்ன,” என்றார்.

அன்று மாலை அப்பாவின் கார் வந்து நின்றதும் அம்மா வெளியே போய் அதில் ஏறிக்கொண்டார். கண்ணாடியை ஏற்றிவிட்டு இருவரும் அரை மணி நேரம் அப்படியே இருந்தார்கள். உள்ளே வந்த அப்பா, வேலை உடுப்போடு என்னைத் தூக்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். அம்மாவையும் தங்கையையும் காப்பாற்றியதற்குப் பரிசு என்று நினைத்தேன். தங்கையை மீட்கத்தான் அம்மா உள்ளே போனார், போன இடத்தில் மாட்டிக்கொண்டார் என்று அதற்குள் எனக்கு நானே கதை கட்டி முடித்திருந்தேன்.

அதன்பின் எங்கள் வீட்டில் மலாய் கேட்கவில்லை. ரகசியம் பேசவும் அவர்கள் அதை எடுக்கவில்லை. தங்கை கொஞ்ச நாள் அந்த வாசலில் போய்ப் போய் நின்றாள், பிறகு மறந்துவிட்டாள். குளிர்காலம் வருவதற்குள் தமிழிலும் ஆங்கிலத்திலும் வாய் ஓயாமல் பேச ஆரம்பித்துவிட்டாள். அன்ரிக்குத் தலைகால் புரியவில்லை.

“பாத்தனியே பிள்ளை, நான் அப்பவே சொன்னனான்! தீர்த்தமெண்டால் சும்மாவே?”

தீர்த்தம் இல்லை, என் மலாய்தான் வேலை செய்தது என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன்.

இருபத்தொரு வயதில் அப்பாவோடு சிங்கப்பூர் போனேன். அவர்கள் முன்பு குடியிருந்த அடுக்குமாடிப் புளோக்கின் ஏழாவது மாடியில் வயதான ஒரு மலாய்க்கார அம்மா கதவைத் திறந்தார். என் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அழுதார். அவர் வீட்டுக் கண்ணாடி அலமாரியில் ஒரு படம் இருந்தது. முகமெல்லாம் பவுடர் அப்பிக்கொண்டு, நீலச் சட்டையில், அவர் மடியில் ஒரு பையன். என் மூக்கு.

அப்பா நடைபாதைக்கு வந்து, கம்பியைப் பிடித்துக்கொண்டு சொன்னார். நான் பிறப்பதற்கு முந்தைய வருடம் மூன்றே நாள் காய்ச்சலில் போன என் அண்ணன். இருவரும் வேலைக்குப் போனதால் பகல் முழுக்க அந்த வீட்டில்தான் வளர்ந்தான். அதனால் அவனுக்கு மலாய் மட்டும்தான் வரும். ஆஸ்பத்திரியில் அம்மா தமிழில் என்ன கொஞ்சியும் அவனுக்குச் சமாதானம் ஆகவில்லை. தனக்குத் தெரிந்த பாசார் மலாயில், அந்தக் கடைத்தெரு மலாயில், ஜாங்ஙான் தாக்குத் என்று சொல்லிக்கொண்டே இருந்தாராம்.

“ஆஸ்திரேலியா போனப்புறம் அவனப் பத்திப் பேசவே கூடாதுன்னு நான்தான் சொன்னேன். உனக்குத் தெரிய வேணாம்னு,” என்றார் அப்பா. “உங்கம்மா பாவம், பேச்சு வராத குழந்தைகிட்டதான் சொல்லிக்கிட்டு இருந்திருக்கா.”

ஆனால் நான் சொல்ல வந்தது எனக்கு ஒன்பது வயதான அந்தக் கோடையில் நடந்த கடைசி விஷயத்தைப் பற்றி. தீர்த்தம் வீசியதற்கு அடுத்த மாதம் நான் கேட்காமலேயே நாலாவது அறையை எனக்குக் கொடுத்தார்கள். திரையைக் கழற்றி, மஞ்சள் பெயிண்ட் அடித்து, அலமாரியைக் கராஜுக்கு மாற்றினார் அப்பா. கட்டிலுக்கு அம்மா விரிப்புப் போட்டுக்கொண்டிருந்தபோது எனக்கு ஒரே ஒரு சந்தேகம் பாக்கி இருந்தது.

“இனிமே அது வராதுல்லம்மா?”

அம்மா விரிப்பின் நுனியைச் சொருகிக்கொண்டே, “வரமாட்டான்,” என்றார். “நீ சொன்னா கேட்டுக்குவான்.”

எனக்குப் பெருமை தாங்கவில்லை. செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு, அம்மா அப்போதுதான் விரித்த கட்டிலில் ஏறிக் குதிகுதியென்று குதித்தேன்.