மதிலுக்கு மேலாகக் கொடுத்த சோஸ்

வினாகிரியில் கொச்சிக்காய் கொதிக்கும் நெடி எந்த வீட்டிலிருந்து வந்தாலும் எனக்கு இருமல் வருவதில்லை. முகம் சுடும். பலாபத்வலவில், பிரதான வீதியை ஒட்டிய எங்கள் குசினியில், பஸ்கள் ஹோர்ன் அடித்துப் போகும் சத்தத்துக்கு நடுவே நான் செய்த ஒரு காரியம் அந்த நெடியோடு வந்து நிற்கும்.

அந்தச் சோஸுக்குப் போட்ட அன்னாசி பக்கத்து வீட்டு ராத்தாவுடையது; முஸ்லிம் வீட்டு அக்காமாரை நாங்கள் அப்படித்தான் கூப்பிடுவோம். பதினொரு வருடம் மதிலுக்கு மேலாகவே பேசிப் பழகியவர். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர். நோன்புக்கு இரண்டு நாள் முன்பு, வளவில் பழுத்த மூன்று பழங்களைத் தந்தார்.

"கட்லட்டுக்குத் தொட்டுக்க உறைப்பா ஒரு சோஸ் செஞ்சு தாங்க தங்கச்சி. உங்கட கைக்குத்தான் நல்லா வரும்."

யட்டவத்தச் சந்தையில் வாங்கிய கொச்சிக்காய் மிளகாய், சிவப்பும் மஞ்சளுமாக. அரைத்த அன்னாசி, பூண்டு, இஞ்சி, சீனி, வினாகிரி. வீடு முழுக்கத் தித்திப்பும் எரிச்சலும். கண்ணீர் வடிய வடியக் கிண்டினேன். ஆறியதை ஊற்றி வைக்க, என் வீட்டுக்காரர் குடித்து வைத்த சாராயப் போத்தல்தான் கையில் கிடைத்தது. எங்கள் பக்கம் தேங்காய் எண்ணெயும் தேனும்கூட அந்தப் போத்தலில்தான் வரும். கொதிநீரில் கழுவியிருக்க வேண்டும். அடியில் இரண்டு மூடியளவு சாராயம் கிடந்தது. கொட்டவில்லை. அது இருந்தால் சோஸ் கெடாது என்று எங்கோ கேட்ட ஞாபகம். அதைவிட, அவசரம். எழுத உட்கார்ந்தாலும் ஒரு வரியை முடிக்குமுன் அடுத்த வரிக்கு ஓடுகிறவள் நான். ஊற்றிக் குலுக்கினேன். ருசி பார்த்தேன். பொய் சொல்லக்கூடாது, நல்ல ருசி.

அதிலிருந்துதான் ஒரு ஜாம் போத்தலை நிறைத்து மதிலுக்கு மேலாக நீட்டினேன். நீட்டும்போது ஞாபகம் வந்ததா? வந்தது.

"என்ன போட்டீங்க, இப்படி மணக்குது?"

"வினாகிரிதான் ராத்தா, வேறென்ன."

அதன்பிறகு பின்னேரங்களில் பள்ளிவாசலில் பாங்கு சொல்லும்போதெல்லாம் குசினிக் கதவைச் சாத்திக்கொண்டேன்.

இருபதாம் நோன்பளவில் ராத்தா கூப்பிட்டார். "நாளைக்கு மகளப் பார்க்க மாப்பிள வீட்டாக்கள் நோம்பு தொறக்க வாராங்க. இன்னொரு போத்தல் வேணும். வரப்போற மாமிட வாய உங்கட சோஸ்தான் அடைக்கணும்!" சிரித்தார்.

தப்பிக்க வழி கிடைத்த சந்தோஷம் எனக்கு. புதுப் போத்தல் வாங்கி, கொதிக்க வைத்து, வெயிலில் காய வைத்து, சுத்தமாக ஒரு சோஸ் செய்தேன். இது போனால் பழையது மறந்துபோகும். சொல்லவே வேண்டாம்.

மறுநாள் பின்னேரம் கொண்டுபோனேன். மேசையில் வெள்ளை விரிப்பு, பேரீச்சம்பழத் தட்டு. நோன்பு வாய் என்பதால் ராத்தா மணந்து மட்டும் பார்த்தார்.

"இதுவும் நல்லம். ஆனா மொத செஞ்சதுல ஒரு வாசம் ஈக்கிது. மிச்சம் பாதிப் போத்தல் வச்சிருக்கேன், அவங்களுக்கு அதயே வைக்கிறேன்."

"அத வைக்காதீங்க ராத்தா."

"ஏன், கெட்டுப்போச்சா?"

ஆமாம் என்றிருக்கலாம். நாக்கு நுனிவரை வந்தது.

"அதுல கொஞ்சம் சாராயம் பட்டிருக்கு."

பட்டிருக்கு! அப்போதும் தேடிப் பிடித்துத்தான் அந்தச் சொல்லைச் சொன்னேன், சாராயம் தானாக நடந்துபோய்ப் பட்டதுபோல.

"தெரிஞ்சா தந்தீங்க?"

ஆமென்று தலையாட்டினேன்.

அவர் கத்தவில்லை. "புள்ளைகளும் சாப்பிட்டிச்சு," என்றார், சுவரைப் பார்த்து. ஜாம் போத்தலைப் பின்பக்கம் எடுத்துப்போனார். பைப் திறந்து தண்ணீர் ஓடும் சத்தம் நெடுநேரம் கேட்டது. ஈரக் கையோடு வந்து, நான் கொண்டுவந்த புதுப் போத்தலை எடுத்து என் கையிலேயே வைத்தார்.

"இது சுத்தம் ராத்தா. சத்தியமா."

"ஈக்கலாம் தங்கச்சி. ஆனா இனி நான் எப்படி நம்புற? கொண்டுபோங்க, ஆக்கள் வார நேரமாச்சு."