இரவல் டயர்

தொண்ணூறுகளின் தொடக்கம். வளைகாப்பு முடித்துத் தங்கையைத் தலைப்பிரசவத்துக்கு அழைத்து வர, நானும் அம்மாவும் அருப்புக்கோட்டையிலிருந்து பரளச்சி பக்கம் ஒரு கிராமத்துக்குப் போனோம். பஸ் வேண்டாம், கார் பிடிக்கலாம் என்றது நான்தான்.

புது வண்டிச் சட்டம், நுகர்வோர் உரிமை என்று பத்திரிகையில் வருவதையெல்லாம் ஒரு வரி விடாமல் படிக்கிறவள் நான். ஏறுவதற்கு முன்பே, எப்.சி. இருக்கிறதா, அதாவது வண்டி ஓடத் தகுதியானது என்று சர்க்கார் கொடுத்த சான்று இருக்கிறதா என்று டிரைவரிடம் கேட்டேன். போன வாரம்தான் வாங்கியது என்று எடுத்து நீட்டினார். புதுப் பெயிண்ட், கன்னங்கரேலென்று டயர்கள். எனக்கு ஒரே பெருமை.

திரும்பும்போது டிரைவரின் மனைவி கைக்குழந்தையோடு முன் சீட்டில் ஏறிக்கொண்டாள். பக்கத்து ஊரிலிருந்த தாய் வீட்டுக்கு வந்திருந்தாளாம்.

பாதி வழியில், கருவேல மரத்தடியில் நின்றிருந்த இன்னொரு வாடகைக் காரைப் பார்த்ததும் எங்கள் வண்டி நின்றது. டிரைவர் எல்லாரையும் இறங்கச் சொன்னார். பஞ்சர் என்று நினைத்தேன். பார்த்தால், இரண்டு டிரைவர்களும் சேர்ந்து எங்கள் காரின் டயர்களை ஒவ்வொன்றாகக் கழற்றி அந்தக் காரில் மாட்டுகிறார்கள். அதில் இருந்தவை எங்கள் காருக்கு வருகின்றன. வந்தவை மொட்டை. ஒன்றில் நூல் வெளியே தெரிந்தது.

"என்னய்யா செய்றீங்க?" என்று கத்தினேன்.

"எப்.சி.க்கு இவுககிட்ட இரவல் வாங்குன டயரு அக்கா" என்றார் எங்கள் டிரைவர். " நாளைக்கு இவுக வண்டிக்கு எப்.சி. திருப்பிக் குடுக்கணும்ல?"

"சட்டம்னு ஒண்ணு இருக்குல்ல?"

"சட்டத்துக்குத்தேன் காட்டியாச்சேக்கா!"

ஒளிவில்லை, மறைவில்லை. கைமாற்றாக வாங்கிய சர்க்கரையைத் திருப்பிக் கொடுப்பது போலச் சொன்னார்.

வயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்ற தங்கையைப் பார்த்தேன். பெட்டியை இறக்கச் சொல்லிவிட்டேன். டிரைவர் முகம் சுண்டிப்போனது. "எம் பொண்டாட்டி புள்ளயவே வச்சுத்தானக்கா ஓட்டுறேன்" என்றார். அம்மாவுக்கு மனசு இளகியது. நான் மசியவில்லை. "நீயும் எங்ககூட பஸ்ஸுல வாம்மா" என்று அந்தப் பெண்ணையும் கூப்பிட்டேன்.

"தெனமும் இதுலதேன் அக்கா போறோம், வாரோம்" என்று சிரித்துக்கொண்டே ஏறிப் போய்விட்டாள்.

வெயிலில் வெகுநேரம் நின்ற பிறகு பஸ் வந்தது. கொஞ்ச தூரம் போனதும் சாலையில் கூட்டம். நாங்கள் இறங்கிய அந்தக் கார், டயர் வெடித்து ஓடைக்குள் சரிந்து கிடந்தது. நாங்கள் உட்கார்ந்து வந்த பின் சீட்டின் பக்கம் அப்படியே நசுங்கியிருந்தது. குழந்தை வீறிட்டு அழுதுகொண்டிருந்தது. அந்த அழுகைதான் எங்களுக்குப் போன உயிரைத் திருப்பித் தந்தது. அதன் தாய் முறிந்த கையோடு மண்ணில் கிடந்தாள். தங்கை நடுங்கிய நடுக்கத்தில் கை நிறைய வளையலும் சத்தம் போட்டது.

தாயையும் பிள்ளையையும் டிரைவரையும் பஸ்ஸிலேயே ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். நெற்றியில் ரத்தம் வழிய, வழியெல்லாம் டிரைவர் ஒன்றையே சொன்னார்: "நல்லவேள, நீங்க எறங்கிட்டீக."

இன்றும் வாடகை வண்டி வந்தால் குனிந்து டயரைத் தடவிப் பார்க்காமல் ஏற மாட்டேன். வீட்டில் கேலி செய்கிறார்கள். ஒவ்வொரு முறை குனியும்போதும், அந்தப் பெண் சிரித்துக்கொண்டே முன் சீட்டில் ஏறியது கண் முன்னால் வந்து நிற்கிறது.