சனிக்கிழமை வேனில் மலையும் யானையும்

ஊர் சுற்றிக் காட்டுகிற தொழிலில் வேன் ஓட்டுவது லேசு. வேனுக்குள் இருக்கிறவர்களைச் சமாளிப்பதுதான் பெரும்பாடு. ஊரிலிருந்து வந்த மாமன் மாமியை ஆக்லாந்தில் எங்கே கொண்டுபோவது என்று தெரியாமல், ஒரே ஷொப்பிங் மோலை மூன்று தரம் சுற்றிக் காட்டிய பாவிகளே, உங்களுக்குத்தான் இதை எழுதுகிறேன். என் பாடு உங்களுக்கு விளங்கும்.

தொண்ணூறுகளின் நடுவில் நான் நியூ லின்னில் ஒரு பேக்கரியில் பாண் அடுக்கிக்கொண்டிருந்தேன். அதை விட்டுவிட்டு ஒரு பழைய பன்னிரண்டு சீட் வேனை வாங்கி, சனிக்கிழமைகளில் எங்கள் ஆட்களை ஏற்றிக்கொண்டு புறப்பட்டேன். காலையில் மவுண்ட் ஈடன், பிறகு வைட்டாக்கரே மலைப்பாதை, கடைசியில் யானை. நியூசிலாந்தில் ஏது யானை என்று கேட்பீர்கள். மலையடிவாரத்தில் மார்ஜ் என்ற வெள்ளைக்காரப் பெண்மணி, சர்க்கஸில் இருந்து ஓய்வு பெற்ற டெய்சி என்ற யானையைத் தன் பண்ணையில் வைத்துப் பராமரித்தார். கொட்டகையிலிருந்து ஓடைக்கு டெய்சி நடந்து போகும்போது, பாதையோரம் கட்டிய கயிற்றுக்குப் பின்னால் நின்று நாங்கள் பார்க்கலாம்.

தொடக் கூடாது, தீனி கொடுக்கக் கூடாது, முதுகில் ஏறக் கேட்கவே கூடாது, அதைச் செய் இதைச் செய் என்று டெய்சியை ஏவக் கூடாது. இவ்வளவுதான் மார்ஜின் சட்டம். இதில் ஒன்று பிசகினாலும் மார்ஜ் கேட்டைப் பூட்டிவிடுவார், என் தொழில் அன்றோடு சரி. வெறும் மலை பார்க்க என் வேனில் ஒருவரும் ஏற மாட்டார்கள், பேக்கரியில் என் இடத்துக்கும் வேறு ஆள் வந்தாயிற்று. முதல் சனிக்கிழமை நான் சாவியை எடுத்தபோது என் மனுஷன் பேப்பருக்கு மேலால் பார்த்துக் கேட்டார்: "நியூசிலாந்துக்கு வந்து யானை காட்டிப் பிழைக்கப் போறீரோ? உமக்கென்ன விசரோ?"

மலையைத் தேடியவர்கள்

நியூசிலாந்து மலை என்றால் காலண்டரில் வருகிற பனி மலைதான் என்று எங்கள் ஆட்கள் நினைத்துக்கொண்டு வருவார்கள். கம்பளிக் குல்லா, கையுறை, கழுத்தைச் சுற்றி மஃப்ளர். ஒரு அம்மா மகனின் ஸ்கீ ஜாக்கெட்டை சேலைக்கு மேல் போட்டுக்கொண்டு வந்திருந்தார். மவுண்ட் ஈடன் உச்சியில் வேனை நிறுத்தி, "இறங்குங்கோ, வந்திட்டம்" என்றால் ஒருவரும் இறங்குவதில்லை. மலை எங்கே என்று கண்ணாடி வழியாக எட்டி எட்டிப் பார்ப்பார்கள். மலைக்கு மேலேதான் நிற்கிறோம் என்று நான் சொன்னதும், அந்த முகங்கள் போகிற போக்கைப் பார்க்க வேண்டும்!

சரி, எரிமலை வாயையாவது காட்டி மானத்தைக் காப்பாற்றுவோம் என்று விளிம்புக்குக் கூட்டிப் போவேன். சுற்றிவரப் பச்சைப் புல், சரிவில் நாலைந்து மாடுகள், நடுவில் அந்தப் பெரிய பள்ளம். எவ்வளவோ காலத்துக்கு முன்னால் இதுக்குள்ளிருந்துதான் நெருப்புக் கக்கியது என்று நானும் கையை ஆட்டி ஆட்டி விளக்கினேன். ஸ்கீ ஜாக்கெட் போட்ட சென்னை அம்மா பொறுமையாகக் கேட்டுவிட்டுத் தன் வீட்டுக்காரரிடம் திரும்பினார்: "ஏங்க, இவ்ளோ பெரிய பள்ளத்தைத் தோண்டிட்டு மூடாம விட்டிருக்காங்களே, இங்க கார்ப்பரேஷன்ல யாரும் கேக்க மாட்டாங்களா?"

கதவடிச் சோதனை

தீனி கொடுக்கக் கூடாது என்று நான் தொலைபேசியில் ஒருமுறை, வேனில் ஏறும்போது ஒருமுறை, டிட்டிராங்கி தாண்டும்போது ஒருமுறை சொல்லுவேன். எல்லோரும் தலையை ஆட்டுவார்கள். பண்ணையில் இறங்கியதும் கைப்பைகளின் ஜிப் ஒவ்வொன்றாகத் திறக்கிற சத்தம் கேட்கும். எனக்குப் பத்திக்கொண்டு வரும். கடைசியில் பண்ணை கேட்டுக்கு முன்னால் வேனை நிறுத்தி, கதவடியில் நின்று நானே சோதிக்கத் தொடங்கினேன். ஆக்லாந்து விமான நிலையத்தில் ஊறுகாய்ப் போத்தலைத் துருவித் துருவிப் பார்க்கிறார்களே, அதே மாதிரி.

அகப்பட்டதைச் சொல்கிறேன். வாழைப்பழச் சீப்பு மூன்று. வெல்லம். உடைத்த தேங்காய், உடைக்காத தேங்காய். ஈரத்துணியில் சுற்றிய அறுகம்புல் மாலை ஒன்று, அதை எங்கே பிடுங்கினார்கள் என்று நான் கேட்கவில்லை. மலேசியாவிலிருந்து மகளைப் பார்க்க வந்த முனியாண்டி அங்கிள்தான் சரியான முரண்டு பிடித்தார். ஒரு கட்டுக் கரும்பைச் சின்னச் சின்னதாக வெட்டிக் கோட்டுப் பைகளில் நிரப்பியிருந்தார், நடந்தால் கடகடவென்று சத்தம். எல்லாவற்றையும் வாங்கி சீட்டுக்கு அடியில் வைத்தேன். மனுஷன் கையைப் பிசைந்துகொண்டு, உண்மையான துக்கத்தோடு என்னைப் பார்த்தார்: "சாமிகிட்ட வெறுங்கையோட போய் நின்னா, அது நம்மள என்னன்னு நினைக்கும்லா?"

கிளிநொச்சிக்காரர்

எல்லோரும் கயிற்றோடு ஒட்டிக்கொண்டு நிற்க, ஒருவர் மட்டும் வேனுக்குப் பின்னால் நின்று தலையை மட்டும் நீட்டிப் பார்த்தார். சிவலிங்கம் அண்ணை. வன்னியில், கிளிநொச்சிப் பக்கம் பத்து ஏக்கர் வயல் செய்தவர், சண்டைக்குள் எல்லாவற்றையும் விட்டுவிட்டு இங்கே மகனிடம் வந்து சேர்ந்தவர். "கிட்ட வாங்கோ அண்ணை, ஒண்டும் செய்யாது" என்றேன். "உமக்குத் தெரியாது பிள்ளை, இது வயலுக்கை இறங்கினா நாங்கள் தகரம் தட்டி, வெடி கொளுத்திக் கலைக்கிறனாங்கள். இரவிரவா மரத்திலை இருந்திருக்கிறன். இதைப் பாக்கவெண்டு டிக்கெட் எடுத்து வந்த முதல் வன்னியான் நானாத்தான் இருப்பன்" என்றார்.

டெய்சி அன்று அவசரப்படவில்லை. ஓடைக்குப் போகிற வழியில் நின்று, மார்ஜ் போட்டிருந்த வைக்கோலைத் தும்பிக்கையால் சுருட்டி, முழங்காலில் தட்டி மண்ணை உதறி, வாய்க்குள் வைத்துக்கொண்டே இருந்தது. மற்றவர்கள் படம் எடுத்து முடித்துச் சாப்பாட்டுப் பார்சலைத் தேடிப் போய்விட்டார்கள். சிவலிங்கம் அண்ணை அடி அடியாக நகர்ந்து கயிற்றுக்கே வந்துவிட்டார். அரை மணித்தியாலம் அசையாமல் நின்றார். புறப்படலாம் என்று நான் தோளில் தட்டியபோது மெல்லச் சொன்னார்: "பாவம் பிள்ளை, எங்கடை நெல்லையும் அது பசியிலைதான் திண்டிருக்கு, ஒருநாளும் நிண்டு பாக்கேல்லை நாங்கள்."

தும்பிக்கை தூக்கிய நாள்

தின்கிற சாமானைச் சோதித்த நான் சில்லறையை யோசிக்கவில்லை. பிள்ளைகளின் பள்ளிக்கூடத்துக்காக எப்சத்துக்கு வீடு மாறியிருந்த மிஸஸ் நடராஜா, கயிற்றுக்கு மேலால் உள்ளங்கையில் ஒரு டொலர் குற்றியை நீட்டி, கண்ணை மூடித் தலையைக் குனிந்தார். நான் ஓடுவதற்குள் காரியம் முடிந்துவிட்டது. டெய்சி நின்றது. மெல்லத் திரும்பி, தும்பிக்கையை நெற்றிக்கு மேல் தூக்கி, ஒரு முன்காலையும் உயர்த்தி அப்படியே நின்றது. எங்கள் ஆட்கள் கையெடுத்துக் கும்பிட்டார்கள். "மம்மி, ஷீ ப்ளெஸ்ட் யூ!" என்று மிஸஸ் நடராஜாவின் மகள் துள்ளினாள். எனக்கும் கண் கலங்கியது, பொய் சொல்ல மாட்டேன்.

மார்ஜ் மட்டும் கும்பிடவில்லை. டெய்சியின் காதுப் பக்கம் போய் நின்று ஏதோ முணுமுணுத்தார். தூக்கிய கால் கீழே வர வெகுநேரம் எடுத்தது, அந்தக் கால் நடுங்கியதை அப்போதுதான் கண்டேன். எல்லோரும் வேனில் ஏறிய பிறகு மார்ஜ் என்னைக் கூப்பிட்டார். சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் எனக்கு எவ்வளவோ நல்லாயிருந்திருக்கும். அவர் சொன்னது இதுதான்: "கை நீட்டினால் காலைத் தூக்க, சர்க்கஸில் இரும்புக் கொக்கியால் குத்திக் குத்திப் பழக்கியது அது, மறக்க வைக்க எனக்கு இரண்டு வருஷம் எடுத்தது. இன்னொரு தரம் உன் ஆட்கள் ஏதாவது செய்தால், உன் வேன் இந்த கேட்டுக்குள் வராது."

டாக்டர் பொலிஸ்

அதற்குப் பிறகு ஒவ்வொரு சனிக்கிழமையும் கயிற்றடியில் நின்று ஒவ்வொருவர் கையாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த நேரத்தில் கடவுள் அனுப்பின மாதிரி வந்து சேர்ந்தவர் டாக்டர் பாஸ்கரன். தமிழ்நாட்டில் பத்து வருஷம் டாக்டராக இருந்தவர், இங்கே மவுண்ட் ஆல்பர்ட்டில் பெட்ரோல் நிலையத்தில் வேலைக்கு நின்றார். இந்த நாட்டு டாக்டர் பரீட்சையை இரண்டு தடவை எழுதி இரண்டிலும் தவறிவிட்டார். மூன்றாவது தடவை வருகிற வியாழக்கிழமை. இதுவும் போனால் ஊருக்குத் திரும்புவது என்று முடிவு. "புத்தகத்தைப் பாத்துப் பாத்து மனுஷனுக்குத் தூக்கமே போச்சுக்கா, ஒரு நாள் வெளிய காத்து வாங்கட்டும்" என்று அவருடைய மனைவி வசந்தாதான் இழுத்துக்கொண்டு வந்திருந்தார்.

வேனில் யாரோ ஆசீர்வாதம் என்று பேச்செடுக்க, டாக்டர் திரும்பி உட்கார்ந்து பிடித்தாரே ஒரு பிடி. "அது ஆசீர்வாதம் இல்லீங்க. அடிக்குப் பயந்து செய்யுற வேலை. படிச்சவங்க நாமளே இப்படி மூடநம்பிக்கையில இருந்தா எப்படி?" எனக்கு அவர் காலில் விழலாம் போல இருந்தது. "டாக்டர், இண்டைக்கு நீங்கதான் எனக்குப் பொலிஸ்" என்றேன். "கவலைய விடுங்க மேடம், ஒருத்தர் கை நீட்ட விடமாட்டேன்" என்றார். அப்படியே செய்தார். கயிற்றுக்கு முன்னால் கையைக் கட்டிக்கொண்டு நின்று எல்லோரையும் அடக்கி வைத்திருந்தார்.

ஜூன் மாதம், இங்கே நல்ல குளிர்காலம். டெய்சி எங்களைக் கடந்து போனது, மார்ஜும் கூடவே ஓடைப் பக்கம் திரும்பினார். போகிற போக்கில் டெய்சி பாதை நடுவில் லத்தி போட்டுவிட்டுப் போனது. குவியலாக, ஆவி பறக்க. அப்பாடா, ஒரு பிசகும் இல்லாமல் முடிந்தது என்று நான் ஆட்களை எண்ணினேன். ஒரு தலை குறைந்தது. திரும்பிப் பார்த்தால், டாக்டர் ஒரு கல்லில் உட்கார்ந்து சப்பாத்துக் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருக்கிறார்.

"டாக்டர், என்ன செய்யிறியள்?"

"ஒரே நிமிஷம் மேடம்." காலுறையை மடித்துச் சப்பாத்துக்குள் வைத்தார். பேண்ட்டை முழங்கால் வரை சுருட்டினார். கயிற்றுக்குக் கீழால் குனிந்து போய், வலது காலை முதலில் வைத்து, லத்தியில் ஏறி நின்றுவிட்டார். "என்னங்க!" என்று வசந்தா வாயைப் பொத்திக்கொண்டார்.

"எங்க ஊர் தேருக்கு யானை வரும் மேடம்," என்று கண்ணை மூடிக்கொண்டே சொன்னார். "லத்தி போட்டா பசங்க ஓடிப் போய் மிதிப்போம். பித்தவெடிப்புப் போகும்பாங்க பெரியவங்க. பரீட்சை பாஸாகும்னு நாங்களா சேத்துக்கிட்டோம். எஸ்.எஸ்.எல்.சி.க்கு மிதிச்சேன், பாஸ். மெடிக்கலுக்கு மிதிச்சேன், சீட் கிடைச்சது. இங்க வந்து ரெண்டு தடவையும் மிதிக்காமதான் எழுதினேன்." எனக்கு வந்த கோபத்துக்கு அந்தாளை நாலு ஏச்சு ஏச வேண்டும். ஆனால் அந்த வெறுங்காலைப் பார்த்துவிட்டு, அவருடைய சப்பாத்தை எடுத்து ஈரம் படாமல் கல்லுக்கு மேல் வைத்தேன்.

அதோடு நின்றதா? அவருக்குப் பின்னால், பள்ளிக்கூடக் கடைசிப் பரீட்சைக்குத் தமிழ் தவிர எல்லாப் பாடமும் படிக்கிற பையனின் அப்பா சப்பாத்தைக் கழற்றினார். டிரைவிங் டெஸ்டில் நாலு தரம் விழுந்த ஒரு அக்கா கழற்றினார். விசா நேர்முகத்துக்குக் காத்திருந்த ஒரு ஜோடி கழற்றியது. கோயில் வாசல் மாதிரி சப்பாத்துகள் வரிசையாகி, எல்லோரும் மரியாதையாகக் கியூவில் நின்றார்கள். அப்போதுதான் மார்ஜ் ஓடையிலிருந்து திரும்பி வந்தார்.

முடிந்தது, பேக்கரியில் போய்க் கெஞ்ச வேண்டியதுதான் என்று நினைத்துக்கொண்டேன். உள்ளதை உள்ளபடி சொன்னேன். தேர், பரீட்சை, பெட்ரோல் நிலையம், வியாழக்கிழமை எல்லாம். மார்ஜ் டாக்டரின் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தார். "டெய்சியை யாராவது தொட்டார்களா?" என்று கேட்டார். இல்லை என்றேன். "அவளை எதையாவது செய்யச் சொன்னார்களா?" இல்லை, அது தன்பாட்டில் போட்டுவிட்டுப் போனது என்றேன். மார்ஜ் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். பிறகு டாக்டரைப் பார்த்து, குரலில் துளி சிரிப்பும் இல்லாமல் சொன்னார்: "அவளாக விரும்பிக் கொடுத்தது, தாராளமாக எடுத்துக்கொள்ளுங்கள், கால் கழுவுகிற குழாய் கொட்டகைக்குப் பின்னால் இருக்கிறது."

டாக்டர் பாஸ்கரன் அந்தத் தடவை பாஸ் பண்ணினார், மூன்று வருஷம் மாங்கு மாங்கென்று படித்த மனுஷனுக்கு ஒரு சொல் பாராட்டு இல்லை, பேரெல்லாம் டெய்சிக்குப் போய், அதன் பிறகு மலையைக் கண்ணால் பார்க்கவே கேட்காத ஆட்களால் பரீட்சை மாதங்களில் என் வேன் நிரம்பி வழிந்தது.